ஹோக் லீ கலவரம்: நான்கு உயிர்களை விடைத்தாளில் எப்படி எழுதுவது?



ஹோக் லீ பேருந்துக் கலவரத்தைப் பற்றி எழுதச் சொன்னால் பல விடைகள் இப்படித்தான் முடியும்: "இக்கலவரத்தில் நால்வர் உயிரிழந்தனர், 31 பேர் காயமடைந்தனர்." தகவல் சரிதான். ஆனா அந்த நால்வர் யார்? எந்தப் பக்கம் நின்றவர்கள்? அவர்கள் இறந்த பிறகு அந்த மரணங்களை யார் எதற்குப் பயன்படுத்தினார்கள்? இதையெல்லாம் எழுதாமல் விட்டால், கதையின் நடுவில் நிற்கவேண்டிய விஷயத்தைக் கடைசி வரியில் எண்ணிக்கையாகப் போட்டுட்டு நகர்ந்துவிடுகிறோம். இந்தக் கட்டுரை அந்த நால்வரைப் பற்றியது. முதலில் பின்னணியைச் சுருக்கமாகப் பார்ப்போம்.

1. அன்றைய சிங்கப்பூர்

1955. சிங்கப்பூர் இன்னும் பிரிட்டிஷ் காலனி. 1948 ஜூன் முதல் மலாயாவிலும் சிங்கப்பூரிலும் அவசரகாலச் சட்டம் நடப்பில் இருந்தது. ரெண்டல் அரசமைப்பின் கீழ் 1955 ஏப்ரல் 2-இல் தேர்தல் நடந்தது. தேர்ந்தெடுக்கப்பட வேண்டிய 25 இடங்களில் 10 இடங்களைத் தொழிலாளர் முன்னணி பிடித்தது. அதன் தலைவர் டேவிட் மார்ஷல் முதல் முதலமைச்சர் ஆனார். நாலு மாதம் முன்பு, 1954 நவம்பரில் தொடங்கிய மக்கள் செயல் கட்சி 3 இடங்களை வென்றது.

இங்கே ஒன்றைக் குறித்துக்கொள்ளுங்கள். முதலமைச்சர் என்ற பதவி வந்துவிட்டது. ஆனால் உள்நாட்டுப் பாதுகாப்பு பிரிட்டிஷ் அதிகாரிகள் கையிலேயே இருந்தது. மக்கள் கேள்வி கேட்பது மார்ஷலிடம். காவல்துறையை நடத்துவது வேறொருவர். கலவரம் வந்தபோது இந்த இடைவெளி பெரிய சிக்கலானது.

அதே நேரத்தில் இரண்டு குழுக்கள் கோபத்தில் இருந்தன.

முதலாவது, தொழிலாளர்கள். சம்பளம் குறைவு, வேலை நேரம் நீளம், வேலைக்கு உத்தரவாதம் இல்லை. 1955-ஆம் ஆண்டில் மட்டும் 200-க்கும் மேற்பட்ட வேலைநிறுத்தங்கள் நடந்தன என்றால் நிலைமையை நீங்களே ஊகிக்கலாம்.

இரண்டாவது, சீனமொழிப் பள்ளி மாணவர்கள். படித்து முடித்தாலும் ஆங்கிலம் தெரியாததால் அரசாங்க வேலை எட்டாக்கனி. அதற்கு மேல் 1954-இல் தேசிய சேவைச் சட்டம் வந்தது. எங்களை இரண்டாந்தரமாக நடத்தும் அரசாங்கத்திற்காக நாங்கள் ஏன் ஆயுதம் ஏந்தவேண்டும் என்று கேட்டார்கள். 1954 மே 13-இல் அவர்கள் நடத்திய ஆர்ப்பாட்டத்தில் காவல்துறையோடு மோதல் ஏற்பட்டது. பலர் காயமடைந்தார்கள்; 40-க்கும் மேற்பட்டோர் கைதானார்கள். ஹோக் லீ கலவரம் நடந்த நாள் 1955 மே 12. அதாவது, அந்த மோதலின் முதலாண்டு நிறைவுக்கு முந்தைய நாள்.

2. வாசலில் உட்கார்ந்த தொழிலாளர்கள்

ஹோக் லீ பேருந்து நிறுவனத்தின் பணிமனை அலெக்சாண்ட்ரா சாலையில் இருந்தது. அங்கே வேலை செய்தவர்களில் பலர் சிங்கப்பூர்ப் பேருந்துத் தொழிலாளர் சங்கத்தில் சேர்ந்தார்கள். சங்கத்தின் செயலாளர் ஃபோங் சுவீ சுவான். தொழிற்சங்கங்களிடையே அப்போது பெரும் செல்வாக்கோடு இருந்தவர் லிம் சின் சியோங். இருவரும் இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த இளைஞர்கள்.

நிறுவனம் தனக்குச் சாதகமான இன்னொரு சங்கத்தை வளர்த்தது. ஏப்ரல் பிற்பகுதியில் தகராறு முற்றி, பேருந்துத் தொழிலாளர் சங்கத்தைச் சேர்ந்த 229 பேர் வேலையிலிருந்து நீக்கப்பட்டார்கள். அவர்கள் பணிமனை வாசலில் உட்கார்ந்து பேருந்துகள் வெளியே போகாதபடி மறித்தார்கள். காவல்துறை அவர்களை அப்புறப்படுத்தியது. திரும்பவும் வந்து உட்கார்ந்தார்கள். இப்படி ஏறக்குறைய மூன்று வாரம் போனது.

அந்த நாள்களில் சீனப் பள்ளி மாணவர்கள் லாரிகளில் வந்து இறங்கினார்கள். சாப்பாடு கொண்டுவந்தார்கள், பணம் திரட்டிக் கொடுத்தார்கள், பாட்டும் ஆட்டமுமாக மறியல்காரர்களுக்குத் தெம்பூட்டினார்கள். இதைப் படிக்கும் உங்கள் வயதுதான் அவர்களுக்கும்.

3. மே 12

அன்று காவல்துறை தண்ணீரைப் பீய்ச்சியடித்தும் தடியடி நடத்தியும் மறியலைக் கலைக்கப் பார்த்தது. செய்தி பரவியது. மாணவர்களும் சுற்றுவட்டார மக்களும் திரண்டார்கள். மாலைக்குள் கூட்டம் 2,000 பேரளவுக்குப் பெருகியது. கற்கள் பறந்தன, கண்ணீர்ப்புகை வீசப்பட்டது, வாகனங்கள் தாக்கப்பட்டன. இரவு வரை மோதல் அடங்கவில்லை.

விடிந்தபோது கணக்கில் இருந்த நால்வர் இவர்கள்தான்:

• ஒரு துப்பறியும் காவலர். கூட்டத்தின் தாக்குதலில் இறந்தார்.

• ஒரு தொண்டூழியச் சிறப்புக் காவலர். முழுநேரக் காவலர் அல்லர். வேறு வாழ்க்கையை வைத்துக்கொண்டு காவல் பணிக்கு உதவ வந்தவர். அவரும் தாக்கப்பட்டு இறந்தார்.

• யுனைடெட் பிரஸ் நிறுவனத்தின் அமெரிக்கச் செய்தியாளர். நடப்பதை உலகுக்கு எழுதப் போனவரைக் கும்பல் அடித்தது. காயங்களிலிருந்து அவர் மீளவில்லை.

• 16 வயது மாணவர். துப்பாக்கிக் குண்டு பாய்ந்து காயமடைந்தார். அவரை உடனே மருத்துவமனைக்குக் கொண்டுபோகாமல், லாரியில் ஏற்றிக் கூட்டத்துக்குக் காட்டியபடி இரண்டு மணி நேரத்துக்கும் மேல் ஊர்வலமாகக் கொண்டுபோனார்கள் என்று அரசாங்கம் சொன்னது. மருத்துவமனைக்குப் போய்ச் சேர்ந்தபோது உயிர் இல்லை.

நால்வரையும் சேர்த்துப் பாருங்கள். இரண்டு பேர் காவல் பக்கம். ஒருவர் போராட்டப் பக்கம். ஒருவர் எந்தப் பக்கமும் இல்லை. சம்பளம் எவ்வளவு என்று முடிவுசெய்யும் இடத்தில் இவர்களில் யாரும் இல்லை. 229 பேரை வேலையை விட்டு நீக்கும் முடிவிலும் இவர்களுக்குப் பங்கில்லை. மறியலை நீட்டிப்பதா நிறுத்துவதா என்று தீர்மானித்தவர்களும் இவர்கள் அல்லர். முடிவெடுத்தவர்கள் எல்லாரும் அடுத்த நாள் உயிரோடு இருந்தார்கள். வன்முறை ஆர்ப்பாட்டங்களைப் பற்றி எழுதும்போது இது முக்கியமான கருத்து: விலை கொடுப்பவர் பெரும்பாலும் முடிவெடுத்தவர் அல்லர்.

4. உங்கள் வினைச்சொல் யார் பக்கம்?

தமிழாசிரியர்களுக்கு இந்தப் பகுதி கூடுதலாகப் பயன்படும். கீழே உள்ள சொற்களைப் பாருங்கள்.

இறந்தார். உயிரிழந்தார். கொல்லப்பட்டார். பலியானார். உயிர்த்தியாகம் செய்தார்.

ஐந்தும் ஒரே நிகழ்வைக் குறிக்கலாம். ஆனால் ஐந்தும் ஒரே தீர்ப்பைச் சொல்வதில்லை. "இறந்தார்" என்றால் காரணமே தெரியாது. "கொல்லப்பட்டார்" என்றால் கொன்றவர் உண்டு. ஆனால் அவர் வாக்கியத்தில் மறைந்திருக்கிறார். "உயிர்த்தியாகம்" என்றால் இறந்தவர் விரும்பியே உயிரைக் கொடுத்தார் என்று நாமே முடிவுகட்டிவிடுகிறோம். அந்த 16 வயதுப் பையன் அப்படி விரும்பினானா? யாருக்குத் தெரியும்? தெரியாததை வினைச்சொல்லுக்குள் ஒளித்து வைக்கக்கூடாது.

"குண்டு பாய்ந்தது" என்ற தொடரையும் கவனியுங்கள். குண்டு தானாகப் பாயாது. சுட்டது யார் என்று உங்களுக்குக் கொடுத்த சான்று தெளிவாகச் சொன்னால் எழுதுங்கள். சொல்லாவிட்டால் ஊகித்து எழுதாதீர்கள்.

நிகழ்வுக்கு வைக்கும் பெயரும் இப்படித்தான். "மறியல்" என்றால் தொழிலாளர் கண்ணில் தெரிவது. "கலவரம்" என்றால் காவல்துறைக் கண்ணில் தெரிவது. இரண்டும் நடந்தன. மே 12-க்கு முந்தைய மூன்று வாரத்தை மறியல் என்றும், அன்று நடந்த மோதலைக் கலவரம் என்றும் பிரித்து எழுதினால் குழப்பம் வராது.

5. மரணங்களுக்குப் பிறகு

மே 14-ஆம் தேதி நிறுவனத்துக்கும் சங்கத்துக்கும் உடன்பாடு ஏற்பட்டது. அதாவது, நால்வர் உயிர் போன இரண்டே நாளில் தகராறு தீர்ந்தது! இந்த இரண்டு நாள் இடைவெளியை மாணவர்கள் சட்டென்று கடந்து போய்விடுவார்கள். கொஞ்சம் நில்லுங்கள். மே 14-இல் பேசித் தீர்க்க முடிந்ததை மே 11-இல் ஏன் தீர்க்க முடியவில்லை? இந்தக் கேள்விக்கு விடை தேடினால், நிறுவனம், சங்கம், மார்ஷல் அரசு, பிரிட்டிஷ் அதிகாரிகள் என்று நால்வருடைய பொறுப்பையும் அலசவேண்டி வரும்.

அடுத்து, ஒவ்வொரு தரப்பும் அந்த மரணங்களைக் கையில் எடுத்தது. காலனி அரசாங்கம், லாரி ஊர்வலத்தைக் காட்டி, இது கம்யூனிஸ்டுகளின் வேலை என்றது. அரசாங்கம் மூன்று சீனப் பள்ளிகளை மூட உத்தரவிட்டது. மாணவர்கள் எதிர்த்து நின்றார்கள். பிறகு அரசாங்கம் இறங்கிவந்து, சீனக் கல்வியை ஆராய அனைத்துக் கட்சிக் குழுவை அமைத்தது. ஜூன் மாதம் ஃபோங் சுவீ சுவான் கைதானார். அதே ஆண்டு அக்டோபரில் பொதுப் பாதுகாப்புக் காப்புச் சட்டம் நிறைவேறியது. விசாரணையின்றித் தடுத்து வைக்க அது வழிசெய்தது.

அதோடு முடிந்ததா என்றால் இல்லை. மார்ஷலுக்குப் பின் வந்த லிம் யூ ஹாக் அரசு 1956-இல் சீன நடுநிலைப் பள்ளி மாணவர் சங்கத்தைக் கலைத்தது. அக்டோபரில் மீண்டும் கலவரம். இந்த முறை 13 பேர் இறந்தார்கள். லிம் சின் சியோங் கைதானார். நான்கிலிருந்து பதிமூன்று. முதல் கலவரத்திலிருந்து யார் என்ன கற்றுக்கொண்டார்கள் என்று கேட்க இந்த இரண்டு எண்களே போதும்.

6. விடையில் எப்படிப் பயன்படுத்துவது?

"ஹோக் லீ கலவரத்துக்குக் கம்யூனிஸ்டுகளே காரணம். இக்கருத்தை நீ ஏற்கிறாயா?" இது போன்ற கேள்வி வந்தால் இரண்டு பக்கமும் எழுதவேண்டும் என்று உங்களுக்குத் தெரியும். கூடவே இந்த மூன்றையும் நினைவில் வையுங்கள்.

ஒன்று: சான்றைச் சொன்னவர் யார்? லாரி ஊர்வலத்தைப் பற்றி அரசாங்கம் சொன்னது முக்கியமான சான்று. ஆனால் அரசாங்கம் அந்த மோதலில் ஒரு தரப்பு. அதனால் பொய் என்று ஆகிவிடாது. வேறு சான்றோடு ஒப்பிட்டுப் பார்க்கவேண்டும் என்றுதான் அர்த்தம்.

இரண்டு: தூண்டியவர் இருந்தார் என்பதால் குறை இல்லை என்று ஆகிவிடாது. குறைந்த சம்பளமும் உண்மை; அதைப் பயன்படுத்திக்கொண்டவர்கள் இருந்தார்கள் என்பதும் உண்மையாக இருக்கலாம். ஒன்றை ஏற்றால் மற்றதை மறுக்கவேண்டியதில்லை.

மூன்று: உயிரிழப்பை விளைவு என்ற தலைப்பின் கீழ் மட்டும் போடாதீர்கள். மே 12-இன் மரணங்கள் ஒரு விளைவு. அதே சமயம் அடுத்து வந்த சட்டத்துக்கும் கைதுக்கும் அவை ஒரு காரணம். இப்படி இணைத்துக் காட்டினால்தான் விடை அலசல் விடையாகும்.

ஒரு பத்தி இப்படி அமையலாம்:

"மே 12 கலவரத்தில் இரு காவலர்களும் ஒரு செய்தியாளரும் ஒரு மாணவரும் உயிரிழந்தனர். பாதிப்பு ஒரு தரப்போடு நிற்கவில்லை என்பதை இது காட்டுகிறது. தொழிலாளரின் குறைகள் நியாயமானவையாக இருந்தாலும், கூட்டத்தின் தாக்குதலில் இறந்த மூவரும் அக்குறைகளுக்குக் காரணமானவர்கள் அல்லர். இரண்டே நாளில் உடன்பாடு ஏற்பட்டதைப் பார்க்கும்போது, பேச்சுவார்த்தைக்கு வழி இருந்தும் அது உரிய நேரத்தில் பயன்படுத்தப்படவில்லை என்று கருத இடமுண்டு. இம்மரணங்களை அரசாங்கம் பின்னர் கடுமையான சட்டங்களுக்கு ஆதாரமாகக் காட்டியது."

இதில் அழகான சொற்கள் எதுவும் இல்லை, பாருங்க. ஒவ்வொரு வாக்கியமும் ஒரு தகவலையோ ஒரு முடிவையோ தாங்குகிறது. அதுதான் வேண்டும்.

வகுப்பில் கலந்துபேச:

1. நால்வரில் ஒருவரைத் தேர்ந்தெடுங்கள். மே 13 காலையில் அவர் வீட்டுக்குச் செய்தி சொல்லவேண்டியவர் நீங்கள். யாரையும் குற்றம் சாட்டாமல், எதையும் மறைக்காமல், ஐந்து வாக்கியத்தில் சொல்லுங்கள்.

2. ஒரே நிகழ்வை நிறுவன உரிமையாளர், மறியலில் உட்கார்ந்தவர், காவலர் ஆகிய மூவரும் சொல்வதாக மூன்று குழுக்களாக எழுதுங்கள். பிறகு வினைச்சொற்களை மட்டும் கரும்பலகையில் பட்டியலிட்டு ஒப்பிடுங்கள்.

3. மே 11-ஆம் தேதி உங்களை நடுவராக அழைத்திருந்தால், இரு தரப்பிடமும் முதலில் என்ன கேட்டிருப்பீர்கள்?

ஆசிரியர்களே, முதல் பயிற்சியைத் தவிர்க்காமல் செய்துபாருங்கள். "நால்வர் உயிரிழந்தனர்" என்று ஒரே வரியில் எழுதிக் கடந்துபோன மாணவர், அதைச் செய்த பிறகு அந்த வரியை அவ்வளவு சுலபமாக எழுதமாட்டார்.