பச்சைப்புழுவும் தறிவீடும்

ஆரணியில் வீட்டைத் தறியிலிருந்து பிரித்துக் காண்பது கடினம். இவ்வொருமையை விளக்க நமக்குக் கடற்புழு ஒன்று துணைவருகிறது.

பிரான்சின் ரோஸ்காஃப் கடற்கரை மணலில் வெயில் காயும் சிறு பச்சைப்புழுக்கள் தாவரம்போல் உயிர்வளி வெளியிடுவதை 1879இல் பாட்ரிக் கெடிஸ் அறிவித்தார். தட்டைப்புழுக்களாக அன்று கருதப்பட்டவை அவை. வெளியிலிருந்து உட்புகுந்து குடியமரும் பாசியே அப்பச்சை என 1907இல் கீபிளும் கேம்பிளும் நிறுவினர். முதிர்ந்த புழு இரை தேடுவதில்லை; பாசியே அதற்கு உணவளிக்கிறது. பாசி சேராவிடில் குஞ்சுப்புழு வளராது.

அதே கெடிஸ் 1914இல் நகரமைப்பாளராகச் சென்னை வந்தார். காஞ்சிபுரத்தைப் போற்றினார், மதுரை, தஞ்சையின் பழந்தெருக்களை இடித்து அகலமாக்குவதை எதிர்த்தார். ஊரும் அவருக்கு ஓர் உயிரே.

காஞ்சிக்கு அண்மையிலுள்ள ஆரணிக்கும் அப்பார்வை பொருந்தும். நெசவாளரைத் தறியினின்று பிரித்துக் குடியமர்த்துவது, பாசியை விலக்கிப் புழுவை வளர்க்க முனைவதே ஆகும்.