பந்துக்கு இல்லாத தீட்டு

மேற்கு மலையின் நிழல் மெல்ல இறங்கித் திடலை மூடும் மாலை நேரம். கூடலூர்ச் சிறுவர்கள் பந்தாடுவார்கள். ஒருவன் எறிவான், இன்னொருவன் பாய்ந்து பிடிப்பான். எறிந்தவன் எந்தக் குலம் என்று பிடித்தவன் கேட்பதில்லை. கேட்டுக்கொண்டு நின்றால் எதிரி இரண்டு ஓட்டம் எடுத்துவிடுவான்! அப்படி ஆடிக் களைத்து அமர்ந்த மாணவர்களுக்கு ஒரு நாள் 1911ஆம் ஆண்டின் கதையைச் சொன்னேன். கேட்டு முடித்ததும் ஒரு சிறுவன் வினவினான்: "சார், அப்புறமாவது அவரைத் தலைவர் ஆக்கினாங்களா?"

அந்தக் கேள்விதான் என்னை எழுதத் தூண்டிற்று.

1911! ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் முடிசூட்டிக்கொண்ட ஆண்டு. அந்தக் கோடையில், அகில இந்தியக் குழு என்ற பெயர் தாங்கி, கிரிக்கெட் ஆட்டக்காரர் சிலர் இங்கிலாந்து சென்றனர். பார்சிகள் அறுவர், இந்துக்கள் ஐவர், முஸ்லிம்கள் மூவர். குழுவைத் தேர்ந்தார்களா, பாகம் பிரித்தார்களா என்று ஐயுறத்தக்க கணக்கு! தலைவர் யார்? பாட்டியாலா மன்னர் பூபிந்தர் சிங். வயது பத்தொன்பது. அரண்மனையில் பிறந்தவர், வேறு தகுதி எதற்கு?

அந்த ஐந்து இந்துக்களில் ஒருவர் பல்வங்கர் பாலூ. 1876இல் தார்வாரில் பிறந்தவர். தோல் தொழிலுக்கென்று ஒதுக்கப்பட்டு, தீண்டத்தகாதது என்று தள்ளிவைக்கப்பட்ட குலம் அவருடையது. புனா நகரில் வெள்ளையர் மன்றத்திலே வேலை. திங்களுக்கு நான்கு ரூபாய் கூலி. தரையை உருட்டிச் சமன் செய்வார், கோடு கிழிப்பார், வலை கட்டுவார். வெள்ளைத் துரைமார் மட்டையெடுத்துப் பழக வரும்போது பந்து வீசுவார். மணிக்கணக்கில் வீசினார், ஆண்டுக்கணக்கில் வீசினார். ஆனால் ஒரு நாளேனும் அவர் கையில் மட்டையைக் கொடுத்தவர் இல்லை. மட்டை பிடிப்பது மேலோர் வேலையாம், பந்து வீசுவது ஏவலர் வேலையாம். வெள்ளைக்காரன் வீட்டிலும் ஒரு வருணாசிரமம்!

அந்த ஏவல் வேலையே அவரை இடக்கைப் பந்துவீச்சில் வல்லவராக்கிற்று. புனாவின் இந்துக் குழு அவரை நாடிற்று. வெள்ளையரை வெல்ல வேண்டும். அதற்கு இவர் கை வேண்டும். ஆட்களோ மேல்சாதியினர். என்ன செய்தார்கள் தெரியுமா? களத்திலே அவர் வீசிய பந்தை எடுத்தார்கள், பிடித்தார்கள், திருப்பி எறிந்தார்கள். தேநீர் வேளை வந்தது. மற்றவர்க்கு அறைக்குள்ளே பீங்கான் கோப்பை. பாலூவுக்கு வெளியே, குடித்தபின் எறிந்துவிடும் மண் குவளை! உணவுக்குத் தனி மேசை, தனித் தட்டு.

தோலாற் செய்த பந்துக்குத் தீட்டு இல்லை. அது அவர் கையிலிருந்து புறப்பட்டு, வெள்ளையனின் விக்கெட்டைச் சாய்த்துவிட்டு வருகிறது. ஆகவே தூய்மையாகிவிட்டது போலும்! களிமண் குவளை யாரையும் சாய்க்கவில்லையே, அதனால் தீட்டாயிற்று. நம் ஊர்த் தேநீர்க் கடைகளில் இரட்டைக் குவளை வைத்தவர்களின் அறிவும் இதே அளவுதான். புனாவைக் கண்டு நாம் நகைக்கும்போது அதை மறந்துவிடக் கூடாது.

பின்னர் அவர் பம்பாய்க்குக் குடிபெயர்ந்தார். 1906இல் இந்துக்கள் குழு ஐரோப்பியர் குழுவை 109 ஓட்டங்களில் வென்றபோது அவர் பந்துவீச்சு அவ்வெற்றிக்கு முதுகெலும்பாயிற்று. ஆகவேதான் 1911இல் கப்பலில் அவருக்கும் இடம் கிடைத்தது. உடன் தம்பி சிவராமும் சென்றார்.

இங்கிலாந்தில் நடந்ததென்ன? மொத்தம் 23 ஆட்டங்கள். வெற்றி 6, தோல்வி 15, முடிவற்றவை 2. முதல்தர ஆட்டங்கள் 14இல் இரண்டில்தான் வெற்றி. தலைவராகச் சென்ற மன்னர் சில ஆட்டங்களிலேயே களம் கண்டார்; மற்ற நாட்களில் விருந்தும் வரவேற்பும். நல்ல மட்டையாளரான மிஸ்திரி மன்னரின் செயலாளர். எனவே மன்னர் செல்லுமிடத்துக்கு அவரும் செல்லவேண்டியதாயிற்று. தலையை இழந்த குழு தடுமாறிற்று.

தடுமாறாதவர் ஒருவர்! வயது முப்பத்தைந்து, தோளிலே வலி. ஆயினும் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தை எதிர்த்து ஒரே இன்னிங்சில் எட்டு விக்கெட், 103 ஓட்டங்களுக்கு. லெஸ்டர்ஷயரை வீழ்த்திய ஆட்டத்தில் பதினொரு விக்கெட். சோமர்செட்டை வென்றபோது தம்பி சிவராம் நூறு ஓட்டங்களைக் கடந்து ஆட்டமிழக்காமல் நின்றார். ஆக, இரு முதல்தர வெற்றிகளிலும் ஒதுக்கப்பட்ட வீட்டின் பிள்ளைகளே ஓங்கி நின்றனர். பயணம் முடிந்தபோது பாலூவின் கணக்கு 114 விக்கெட், சராசரி 18.84. ஸ்டம்புகளுக்குப் பின்னே நின்று அவர் பந்துகளைப் பிடித்தவர் சேஷாச்சாரி. பெயரே குலம் சொல்லும். கையுறைக்கு நன்றி என்று நினைத்தாரோ, அல்லது அந்த நினைப்பே எழவில்லையோ!

உழைப்பைக் கொள்வதும் உரிமையை மறுப்பதும் நம் நாட்டின் தனிச்சொத்து அன்று. அதே 1911ஆம் ஆண்டு நவம்பரில், அமெரிக்காவின் புகழ்பெற்ற ஹார்வர்டு பல்கலைக்கழகத்தைக் கார்லைல் என்னும் பள்ளியின் கால்பந்துக் குழு 18-15 என்று வீழ்த்திற்று. (அமெரிக்கர் கால்பந்து என்பது பந்தைக் கையிலேந்தி ஓடும் ஆட்டம்.) கார்லைல், அந்த மண்ணின் பழங்குடிப் பிள்ளைகளுக்கென்று 1879இல் தொடங்கப்பட்ட பள்ளி. அங்கே அவர்கள் தாய்மொழி பேசத் தடை, தலைமுடியும் வெட்டப்பட்டது. அந்தப் பருவத்தில் 12 ஆட்டங்களில் 11இல் வென்றார்கள். ஹார்வர்டுக்கு எதிராக நான்கு முறை பந்தைக் கம்பங்களுக்கிடையே உதைத்தேற்றிய ஜிம் தோர்ப்பும் பழங்குடியினரே. மறு ஆண்டு நாட்டின் படைக்கல்லூரிக் குழுவையே 27-6 என்று முறியடித்தனர். ஆயினும் அமெரிக்கப் பழங்குடியினர் அனைவருக்கும் குடியுரிமை வழங்கும் சட்டம் 1924இல்தான் வந்தது.

பாலூ பம்பாய் திரும்பினார். ஒடுக்கப்பட்ட மக்கள் கூடி அவருக்கு வரவேற்பளித்தார்கள். அங்கே வரவேற்பு மடல் எழுதிப் படித்தவர் இருபது வயது இளைஞர் ஒருவர் என்று வரலாற்றாசிரியர் கூறுவர். அவர் பெயர் பீமராவ் அம்பேத்கர்! பிற்காலத்தில் இருவரும் வேறு வேறு வழியில் சென்றனர். 1937 தேர்தலில் காங்கிரசின் வேட்பாளராக அம்பேத்கரையே எதிர்த்து நின்று பாலூ தோற்றார். அந்த முடிவு எனக்கு உவப்பானதன்று. ஆயினும் நடந்ததை மறைத்து எழுதுவது வரலாறாகாது.

இனி அந்தச் சிறுவனின் கேள்விக்கு வருவோம்.

தலைவர் ஆக்கினார்களா? இல்லை. இங்கிலாந்தில் 114 விக்கெட் வீழ்த்தியவரை, ஆண்டுக்கு ஆண்டு இந்துக் குழுவுக்குப் பந்து வீச மட்டும் அழைத்தார்கள். 1920இல் அவரைக் குழுவிலிருந்தே நீக்கினார்கள். தலைவர் பை நோயுற்றபோது, தகுதியில் முந்திய பல்வங்கர் தம்பிகள் இருக்க, அவர்களைத் தாண்டித் தேவ்தருக்குத் தலைமையைக் கொடுத்தார்கள். விட்டல், சிவராம் இருவரும் சாதியின் பெயரால் இழைக்கப்பட்ட இந்த இழிவை ஏற்கமாட்டோம் என்று அறிக்கை விட்டு வெளியேறினர். கெஞ்சவில்லை, விலகினர். நகரம் பேசிற்று, நிர்வாகம் இறங்கி வந்தது. பார்சிகளுடன் நடந்த இறுதி ஆட்டத்தில் பை மீண்டும் தலைவர். நாற்பத்து நான்கு வயதுப் பாலூ துணைத்தலைவர். பை களத்தை விட்டு அகன்றிருந்த நேரத்தில் குழுவை நடத்தியவர் பாலூவே.

அவ்வளவுதான் அவருக்குக் கிடைத்த தலைமை. மூன்று ஆண்டுகள் கழித்து, 1923இல், தம்பி விட்டல் இந்துக் குழுவின் தலைவரானார். ஐரோப்பியரை வென்ற அன்று கூட்டம் அவரைத் தோளிலே தூக்கிச் சென்றது.

இதைச் சொன்னபோது அந்தச் சிறுவன் சற்று நேரம் பேசாதிருந்தான். பிறகு, "தூக்கினவங்க எந்தக் குவளையில தண்ணி குடிச்சாங்க சார்?" என்றான். எந்த நூலிலும் நான் காணாத கேள்வி அது. இருட்டிவிட்டது என்று கூறிப் பந்தை எடுத்துவரச் சொன்னேன்.