எழுதாத சட்டமும் 42-ஆம் எண்ணும்

இன்ஜினியர் எதற்கு விளையாட்டு வரலாறு எழுதுகிறான் என்று கேட்பீர்கள். காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன்.

அமெரிக்காவின் பேஸ்பால் நம்ம கிரிக்கெட்டுக்குப் பங்காளி மாதிரி. அதன் பெரிய லீகுகளில் சுமார் அறுபது ஆண்டுகள் கறுப்பர்களுக்கு இடமில்லை. அப்படி எந்த விதிப் புத்தகத்திலும் எழுதவில்லை. முதலாளிகளுக்குள் ஒரு பேச்சு, அவ்வளவுதான்.

அதை உடைத்தவர் ஜாக்கி ராபின்சன். 1919-இல் ஜார்ஜியா மாநிலத்தில், அடுத்தவர் நிலத்தை வாரத்துக்கு உழுத குடும்பத்தில் பிறந்தவர். 1944-இல் ராணுவத்தில் இருந்தபோது, பஸ்ஸில் பின்பக்கம் போகச் சொன்னதற்கு மறுத்தார். அந்தத் தகராறில் ராணுவ நீதிமன்றம் வரை போய் விடுதலையானார்.

1945 ஆகஸ்டில் புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணியின் தலைவர் பிராஞ்ச் ரிக்கி அவரை அழைத்தார். யார் என்ன ஏசினாலும் திருப்பி அடிக்கக்கூடாது என்று உறுதி கேட்டார். அநியாயத்தைப் பொறுக்காத மனுஷன் அதற்கு ஒப்புக்கொண்டார். விளையாட்டைவிட அதுதான் கஷ்டமாக இருந்திருக்கும்.

1947 ஏப்ரல் 15 அன்று களமிறங்கினார். அதற்கு முன்பே சொந்த அணியில் சிலர், இவருடன் ஆட மாட்டோம் என்று மனு எழுதினார்கள். பிலடெல்பியா அணியின் மேனேஜர் பென் சாப்மன் இனத்தைச் சொல்லியே ஏசினார். ராபின்சன் வாய் திறக்கவில்லை. எதிரணி அசந்த நேரம் அடுத்த பேஸுக்கு ஓடிவிடுவார். அந்த வருஷம் அப்படி 29 முறை, லீகிலேயே அதிகம். சிறந்த புதுமுக விருதும் கிடைத்தது. 1949-இல் லீகின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் ஆனார்.

1972 அக்டோபரில் அவரை மைதானத்தில் கௌரவித்தார்கள். நன்றி சொன்ன கையோடு, ஒரு கறுப்பர் மேனேஜராக இருப்பதையும் பார்க்க வேண்டும் என்றார். ஒன்பதாம் நாள் காலமானார், வயது 53. அந்த ஆசை 1975-இல்தான் நிறைவேறியது. 1997-இல் அவருடைய 42-ஆம் எண்ணை எல்லா அணிகளும் இனி யாருக்கும் தருவதில்லை என்று நிறுத்தின.

இப்போது காரணம். நம்ம ஹாஸ்டல் கிரிக்கெட் டீமை மூன்றாம் வருஷம் தேர்வு செய்தவர்களில் நானும் ஒருவன். கிராமத்துத் தமிழ் மீடியம் பையன் ஒருத்தன், எங்கள் எல்லோரையும்விட வேகமாகப் பந்து வீசுவான். "நம்ம செட் இல்லடா" என்று ஒதுக்கினார்கள். எங்கேயும் எழுதாத சட்டம். நானும் வாயை மூடிக்கொண்டிருந்தேன். ராபின்சன் மௌனம் வேறு, என் மௌனம் வேறு.

அந்த நண்பர் இந்த ஒன்றுகூடலுக்கு வந்தால், நேரில் மன்னிப்புக் கேட்பேன். தம்பிகளே, உங்க டீம் லிஸ்ட்டை ஒரு தடவை எடுத்துப் பாருங்க.