பிலம்: வளையிலிருந்து உள்ளுலகுக்கு

மண்ணிலும் பாறையிலும் அமைந்த உட்குழிவைக் குறிக்கத் தமிழில் அளை, முழை, விடர் முதலிய சொற்கள் தொன்றுதொட்டு வழங்கி வந்துள்ளன. நண்டின் சேற்று வளையும் புலி தங்கும் கற்குகையும் சங்கப் பாடல்களில் அளை எனப்பட்டன. விடர் மலைவெடிப்பைச் சுட்ட, முழை பாறையின் உட்குடைவைச் சுட்டியது. தெலுங்கிலும் கன்னடத்திலும் உள்ள ‘கவி’ என்பதோடு உறவுடைய ‘கெபி’ என்னும் சொல் தமிழ் விவிலியத்தில் இடம்பெற்று, இன்று மாதா கெபியாக ஊர்தோறும் நிலைபெற்றுள்ளது. இவை யாவும் ஓர் உயிர் ஒதுங்கும் உறைவிடத்தைச் சுட்டுவன. ‘பிலம்’ என்பதோ இவற்றினின்று வேறுபட்டு, உள்ளே வழி நீண்டுகொண்டே செல்லும் ஆழத்தைச் சுட்டுகிறது.

இச்சொல் வடமொழியின் ‘பில’ என்பதிலிருந்து வந்தது. எலி, பாம்பு ஆகியவற்றின் வளைக்கும் அம்மொழியில் இதுவே பெயர். வலன் என்பவன் பசுக்களை ஒளித்துவைத்த குகையை இந்திரன் திறந்ததைக் கூறும் இருக்கு வேதப் பகுதியிலும் இச்சொல்லே வருகிறது. தமிழ் அகராதிகள் இதற்குக் குகை என்பதோடு பாதாளம் என்றும் பொருள் தருவதால், எலிவளையைச் சுட்டிய சொல் கீழுலகத்தையே சுட்டுமளவு விரிந்தமை புலனாகும். காஞ்சி காமாட்சியம்மன் கோயிலில் அம்மன் தோன்றிய இடமாகப் போற்றப்படும் துவாரத்துக்குப் ‘பிலாகாசம்’, அதாவது பிலத்தினுள் அமைந்த வெளி, என்று பெயர் வழங்குவதும் இவ்விரிவின் வழிப்பட்டதே.

இந்த உள்ளுலகம் முழு உருப்பெறுவது இராமகாதையில் ஆகும். சீதையைத் தேடிச் சென்று நீர்வேட்கையால் தளர்ந்த வானரர், நனைந்த சிறகுகளோடு பறவைகள் ஒரு குகையிலிருந்து வெளிவரக் கண்டு, உள்ளே நீர் உண்டென உய்த்துணர்ந்து, ஒருவரை ஒருவர் பற்றிக்கொண்டு இருளில் நடந்ததாக வான்மீகி கூறுகிறார். அங்கே பொன்மரங்களும், பொன்மீன்கள் உலவும் பொய்கைகளும், மயன் அமைத்த மாளிகையும் இருந்தன; அதைக் காத்துச் சுயம்பிரபை என்பவள் தவம்புரிந்தாள். புகுந்தவர் தாமே மீள முடியாத அவ்விடத்திலிருந்து, கண்களை மூடச்செய்து அவள் அவர்களை வெளியேற்றுகிறாள். கம்பரோ ‘பிலம் புக்கு நீங்கு படலம்’ என்று பெயரிலேயே அச்சொல்லை நிறுத்தி, அனுமன் பேருருக்கொண்டு பிலத்தைப் பிளப்பதாக முடிவை மாற்றிவிடுகிறார்.

இலக்கியத்துக்கு வெளியே இச்சொல் இடப்பெயராக வாழ்வது தெலுங்கு நாட்டில் ஆகும். ஆந்திரப் பிரதேசத்தின் நந்தியால் மாவட்டத்தில் சுண்ணாம்புப் பாறையை நிலத்தடி நீர் அரித்துக் குடைந்த பேலும் குகைகளின் பெயர் ‘பிலம்’ என்பதன் திரிபாகக் கருதப்படுகிறது. பல்லாவரத்தில் 1863-இல் கற்கோடரியைக் கண்டெடுத்த இராபர்ட் புரூஸ் ஃபூட் இக்குகைகளை 1884-இல் பதிவுசெய்தார். ஜெர்மானியரான டேனியல் கெபவுவர் தலைமையிலான குழு 1982, 1983 ஆண்டுகளில் விரிவாக ஆராய்ந்த இவற்றின் நீளம் 3,229 மீட்டர் ஆகும்.

பல்நாட்டுப் பகுதியிலுள்ள குத்திகொண்ட பிலம் இச்சொல்லைத் திரிபின்றியே தாங்கியுள்ளது. அதன் நீரிலிருந்து 2011-இல் ‘ஆந்த்ரகாய்டஸ்’ என்னும் புதிய பேரினம் அறிவியலுக்கு அறிமுகமாயிற்று. நண்டு, இறால் போன்ற ஓட்டுடலிகளின் வகுப்பைச் சேர்ந்த இவ்வுயிருக்குக் கண்கள் இல்லை. இருளிலேயே வாழ்ந்து இனம்பெருக்கும் உயிர்களில் பயனற்ற பார்வையும் நிறமும் தலைமுறைதோறும் மறைந்துபோதல் இயல்பு. இதன் உறவினங்கள் ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, தென்னாப்பிரிக்கா ஆகிய நிலங்களில் வாழ்வது, இந்நிலங்களும் இந்தியாவும் கோண்டுவானா என்னும் ஒரே பெருநிலமாக இணைந்திருந்த காலத்தின் தடயமாகும்.

பேச்சுவழக்கில் ‘குகை’ என்னும் சொல் எல்லாக் குடைவுகளுக்கும் பொதுவாகிவிட்டது. எனினும், புறத்திலிருந்து வந்து ஒதுங்கும் புலியின் முழைக்கும், புறவுலகையே அறியாத உயிரினம் வாழும் நீரிருளுக்கும் உள்ள வேறுபாட்டைக் காட்டப் பிலம் என்னும் சொல்லே பொருந்துகிறது. வான்மீகியின் வானரர் கண்ணை மூடி வெளியேறினர்; குத்திகொண்ட பிலத்தின் கண்ணில்லா உயிருக்கோ வெளியேறும் தேவையே இல்லை.