திடலில் கண்ட முகங்கள் – 7: டி.எஸ். பாலையா

மலேசியாவின் கோலா கிளாவாங் பக்கத்து ரப்பர் தோட்டங்களில் திடலில் துணி கட்டிப் படம் போட்ட காலத்தில், கதாநாயகனுக்கு விசில் பறக்கும். வில்லனுக்கு வசவு விழும். வாயைத் திறக்கும் முன்பே சிரிப்பை வாங்கியவர் டி.எஸ். பாலையா. அவரும் வில்லனாக நுழைந்தவர்தான் என்பது இளசுகளுக்குத் தெரியாது.

1914இல் ஸ்ரீவைகுண்டம் பக்கம் பிறந்து, நாடகக் கம்பெனியில் தேறியவர். முதல் படம் 'சதிலீலாவதி' (1936). எம்.ஜி.ஆருக்கும் அதுவே முதல் படம். இயக்கிய எல்லிஸ் ஆர். டங்கன் தமிழ் தெரியாத அமெரிக்கர். கதையோ தோட்டத்து ஆட்களுக்கு நெருக்கமானது. வசதியான குடும்பஸ்தனைக் கூட இருந்த சிநேகிதனே குடிக்கு இழுக்கிறான். கொலை செய்துவிட்டதாக நம்பி அவன் இலங்கைக்கு ஓடி, தேயிலைத் தோட்டத்தில் கூலியாகிறான். குடியைப் பழக்கிவிட்ட சிநேகிதன் ராமநாதனாக பாலையா. பால்மரம் சீவி வாங்கிய சம்பளம் கள்ளுக்கடையில் கரைவதைப் பார்த்தவர்களுக்கு அந்த ராமநாதனை அடையாளம் காட்டவா வேண்டும்?

அண்ணாவின் 'வேலைக்காரி'யிலும் (1949) சிநேகிதன் வேடம்தான். ஆனால் இந்த மணி நல்லவன், கதாநாயகனுக்கு மூளை கொடுப்பவன்.

ஸ்ரீதரின் 'காதலிக்க நேரமில்லை'யில் (1964), மகனின் படக் கம்பெனிக்குக் காசு அவிழ்க்காத பணக்கார அப்பா. மகனாக வரும் நாகேஷ் திகில் கதை சொல்கிறார். சத்தமும் அவரே கொடுக்கிறார். பாலையாவுக்குப் பேச்சு அதிகமில்லை. கண் பக்கவாட்டில் ஓடுகிறது, உடம்பு ஒடுங்குகிறது, முகம் வெளிறுகிறது. அடுத்த முறை பார்க்கும்போது நாகேஷை விட்டுவிட்டு இவரை மட்டும் பாருங்கள். சிரிப்பில் பாதிக்கு மேல் கேட்கிறவர் முகத்தில்தான் இருக்கிறது. நாடக மேடையில் அடுத்தவன் பேசும்போது சும்மா நிற்கக்கூடாது என்று பழகிய உடம்பு அது.

'திருவிளையாடல்' (1965) ஹேமநாத பாகவதரும் அப்படியே. குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது, தலைக்கனம் முழுக்கப் பாலையாவுடையது. போட்டிப் பாடகரான பாணபத்திரர் ஒதுக்கிய ஆள் நான் என்று, பாடிக்காட்டிய விறகுவெட்டி சொன்னதும் அந்தக் கனம் இறங்குவதை, வசனத்துக்கு முன்பே கன்னம் காட்டிவிடும்.

'தில்லானா மோகனாம்பாள்' (1968) தவில்காரர் முத்துராக்கு என் கணக்கில் அவரது உச்சம். சிவாஜிக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்து, அவருக்குச் சற்றும் இளைக்காமல் நடித்தவர்கள் எத்தனை பேர்? 1972 ஜூலையில் பாலையா காலமானார். வயது 57தான், திரையில் முப்பது வருடமாகக் கிழவராகவே இருந்தவர்போல நமக்கு ஒரு நினைப்பு.

அடுத்த வாரம்: எஸ்.வி. சுப்பையா.