இரண்டாவது நாயனம்

நாகஸ்வரம் என்றதும் நம் வயதுக்காரர்களுக்கு முதலில் ஞாபகம் வருவது 'சிங்கார வேலனே தேவா'தான். 1962-ல் வந்த 'கொஞ்சும் சலங்கை' படப் பாட்டு. எஸ்.எம்.சுப்பையா நாயுடு இசை, ஆபேரி ராகம், எஸ்.ஜானகி குரல். விருதுநகர், சாத்தூர், சிவகாசிப் பக்கத்துக் கல்யாண வீடுகளில் குழாய் ரேடியோ கட்டினால் அந்தப் பாட்டைப் போடாமல் இருக்கமாட்டார்கள். ஜானகியின் குரலோடு போட்டி போட்ட நாகஸ்வரம் காருகுறிச்சி அருணாசலத்துடையது.

1921-ல் பிறந்தவர். சொந்த ஊர் திருநெல்வேலிச் சீமையில் காருகுறிச்சி. பின்னாளில் குடியிருந்தது நமக்குப் பக்கத்திலேயே, கோவில்பட்டியில். இன்றும் அங்கே அவருக்குச் சிலை இருக்கிறது. ஆனால் நான் சொல்ல வந்தது அவர் பேர் வாங்கிய காலத்தைப் பற்றி அல்ல. அதற்கு முன்பு, திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளைக்குச் சீடராக, பக்கத்தில் நின்று இரண்டாவது நாயனம் வாசித்தாரே, அந்தக் காலத்தைப் பற்றி.

இரண்டாவது நாயனக்காரருக்கு என்ன வேலை? பெரியவர் மூச்சு வாங்கும் இடத்தில் நாதம் அறுந்துவிடாமல் பிடித்துக்கொள்ள வேண்டும். கீர்த்தனையில் இரண்டு குழலும் ஒன்றாகக் கேட்க வேண்டும். அவர் அடுத்து எங்கே போவார் என்று முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும். ஆனால் முந்திக்கொண்டு போகக்கூடாது. அதுவும் ராஜரத்தினம் பிள்ளையின் தோடிக்குப் பக்கத்தில் நிற்பது லேசான காரியமா? எந்தப் புத்தகத்திலும் கிடைக்காத பாடம் அது.

கடல் தாண்டியும் இதே கதைதான். ஜாஸ் என்றால் ட்ரம்பெட், ட்ரம்பெட் என்றால் லூயி ஆம்ஸ்ட்ராங் என்பார்கள். அவரும் 1922-ல் சிகாகோவுக்குப் போனது தன் குருநாதர் கிங் ஆலிவரின் பேண்டில் இரண்டாவது கார்னெட் வாசிக்கத்தான். கார்னெட் என்பது ட்ரம்பெட்டுக்குத் தம்பி மாதிரி. பாட்டின் நடுவே மற்ற வாத்தியமெல்லாம் நிற்க, இவர்கள் இருவர் மட்டும் சேர்ந்து வாசிப்பார்களாம். எப்படி இவ்வளவு ஒற்றுமை என்று கேட்டவர்கள் அசந்துபோனார்கள். 1924-ல் ஆம்ஸ்ட்ராங் தனியே கிளம்பினார். மற்றதை உலகமே அறியும்.

ராஜரத்தினம் பிள்ளை 1956-ல் காலமானார். அதன் பின் காருகுறிச்சியாருக்குக் கிடைத்தது எட்டு வருஷம்கூட நிறையவில்லை. 1964-ல் அவரும் போய்விட்டார். அந்தக் கொஞ்ச காலத்திலேயே குருவின் பாணியைக் கரிசல்காட்டு ஜனங்களின் காதில் நிலைக்க வைத்தார் என்றால், அது பக்கத்தில் நின்ற வருஷங்களின் பலன் என்றே நான் நினைக்கிறேன்.

இப்போது நம் பக்கத்துக் கல்யாணங்களில் நான் பார்ப்பது பெரும்பாலும் ஒரு நாயனம், ஒரு தவில், ஒரு சுருதிப் பெட்டி. இல்லாவிட்டால் செண்டை மேளம். செலவைக் குறைக்கும்போது முதலில் கழிபடுகிறவர் இரண்டாவது நாயனக்காரர்தான். அந்த இடத்தில் நின்று கற்க வேண்டிய பையனுக்கு நிற்க இடமில்லை என்றால், நாளைக்கு முதல் நாயனம் வாசிக்க யார் வருவார்கள்?

பேரன் பேத்தி கல்யாணத்துக்கு மேளம் பேசப் போகிறவர்கள், "ரெண்டு நாயனமா வாங்க, ரெண்டாவதா ஒரு சின்னப் பையனைக் கூட்டிட்டு வாங்க" என்று சொல்லிப் பாருங்கள். வாணவேடிக்கைக்கு ஆகிற செலவில் ஒரு பங்குகூட ஆகாது.