நாகலோகத்துக் காலத்தறி

நாகலோகத்துக் காலத்தறி என்பது மகாபாரதத்தின் ஆதிபர்வத்தில், பௌஷ்ய பர்வம் என்ற உட்பிரிவில் வரும் ஒரு காட்சி. மண்ணுக்கடியிலுள்ள நாகலோகத்துக்குள் நுழைந்த உதங்க முனிவர் அங்கே இரண்டு பெண்கள் தறியில் துணி நெய்வதையும், ஆறு சிறுவர்கள் ஒரு சக்கரத்தைச் சுழற்றுவதையும், அழகான ஒரு புருஷனையும் ஒரு குதிரையையும் பார்க்கிறார். நூல் பகலும் இரவும், சக்கரம் ஆண்டு, சிறுவர்கள் பருவங்கள். காலம் தெய்வமாகவும் எமனாகவும் நம் நூல்களில் எத்தனையோ இடங்களில் வருகிறது. கை வேலையாக, கண்ணெதிரே நடக்கும் உழைப்பாக அது காட்டப்படும் இடங்களில் இதற்கு இணை இல்லை.

கதை

உதங்கர், வேதர் என்ற ஆசிரியரின் மாணவர். படிப்பு முடிந்து குருதட்சிணை என்ன வேண்டும் என்று கேட்டபோது, பௌஷ்ய மன்னனின் அரசி அணிந்திருக்கும் குண்டலங்களை வாங்கி வரும்படி குருபத்தினி சொல்கிறாள். நாலாம் நாள் ஒரு விரதம். அன்று அவற்றை அணிந்து அந்தணர்களுக்கு உணவு பரிமாற வேண்டும் என்பது அவள் ஆசை. அரசி குண்டலங்களைத் தருகிறாள், நாகராஜன் தட்சகன் இவற்றின்மேல் கண் வைத்திருக்கிறான் என்ற எச்சரிக்கையோடு. அப்படியே நடக்கிறது. உதங்கர் குண்டலங்களைக் கீழே வைத்துவிட்டு நீர்க்கடன் செய்யும் நேரத்தில், துறவி வேடத்தில் பின்தொடர்ந்து வந்த தட்சகன் அவற்றைத் தூக்கிக்கொண்டு ஒரு பிலத்துக்குள் மறைகிறான். உதங்கர் கைத்தடியால் மண்ணைத் தோண்டிப் பார்க்கிறார், முடியவில்லை. இந்திரன் தன் வஜ்ராயுதத்தை அனுப்பி வழி திறந்துவிடுகிறான்.

உள்ளே மாளிகைகளும் மாடங்களும் நிறைந்த பெரிய உலகம். நாகர்களைத் துதித்தும் குண்டலங்கள் கிடைக்காமல் அவர் கலங்கி நிற்கும்போதுதான் தறி கண்ணில் படுகிறது. கெடு முடிய ஒரு பொழுதுகூட மிச்சமில்லாத மனிதனுக்கே காலத்தின் உள்வேலை திறந்து காட்டப்படுகிறது. இந்தக் காட்சி கதைக்கு நடுவில் ஒட்டவைத்த அலங்காரம் அன்று என்பதற்கு இதுவே போதும்.

தறியும் சக்கரமும்

பெண்கள் நெய்யும் துணியில் கறுப்பும் வெள்ளையுமாக இரண்டே நிற நூல்கள். நெசவு ஓய்வதில்லை. உதங்கரின் துதி அந்தத் துணியை எல்லா வடிவமும் கொண்டதாகச் சொல்கிறது. அதாவது உலகமே அதில் நெய்யப்படுகிறது. கிரேக்கரின் விதித்தேவியர் மூவரில் குளோத்தோ நூற்கிறாள், லாக்கெசிஸ் அளக்கிறாள், அத்ரோப்போஸ் அறுக்கிறாள். அங்கே நூல் ஒவ்வொரு மனிதனின் ஆயுள். நாகலோகத்துத் தறியில் அறுப்பவள் கிடையாது. ஒருவனுக்கென்று தனி இழையும் கிடையாது. எல்லோருக்கும் ஒரே துணி.

சக்கரத்துக்கு ஆரக்கால்கள் 12, அவை மாதங்கள். துதியிலோ அதே சக்கரம் 24 கணுக்களும் 360 உறுப்புகளும் கொண்டது. 24 கணுக்கள் வளர்பிறை தேய்பிறைப் பக்கங்கள். பக்கத்துக்கு 15 நாளாக 360 நாள். இது வேள்விக் கணக்கில் வழங்கிய சாவன ஆண்டு. சூரிய ஆண்டுக்கு ஐந்து நாள் குறைகிறதே என்ற கேள்வி இங்கே எழ வேண்டியதில்லை.

பொருளை உதங்கருக்கு விளக்குபவர் வேதர். பெண்கள் தாதாவும் விதாதாவும், சிறுவர்கள் ஆறு பருவங்கள், புருஷன் பர்ஜன்யன், குதிரை அக்கினி. அந்தக் குதிரையின் பின்புறம் ஊதும்படி புருஷன் சொல்ல, உதங்கர் ஊதுகிறார். குதிரையின் உடல் துவாரங்களிலிருந்து தீயும் புகையும் கிளம்பி நாகலோகத்தை நிரப்புகின்றன. தட்சகன் பதறி வந்து குண்டலங்களைக் கொடுக்கிறான். அதே குதிரை உதங்கரை நொடியில் குருவின் வீட்டில் சேர்க்கிறது. நீராடித் தலைவாரிக்கொண்டிருந்த குருபத்தினி, இன்னும் வரவில்லையே என்று சபிக்க எண்ணிய அந்த வேளையில் அவர் உள்ளே நுழைகிறார்.

வேத மூலங்கள்

இந்தக் காட்சியின் உறுப்புகள் எல்லாம் வேதத்தில் தனித்தனியாகக் கிடக்கின்றன. ரிக்வேதத்தின் முதல் மண்டலத்து 164ஆம் சூக்தம் தீர்க்கதமஸ் பாடியது. அதில் 12 ஆரங்கள் கொண்ட, தேயாத சக்கரம் வானைச் சுற்றுகிறது. அதன்மேல் 720 பிள்ளைகள் இணை இணையாக நிற்கிறார்கள். 360 பகல், 360 இரவு என்று பிரித்தால் கணக்கு நேராகிவிடும். அதே சூக்தத்தின் பிற்பகுதியில் 360 முளைகள் அடித்த சக்கரமும் வருகிறது.

தறி அதர்வவேதத்தில் இருக்கிறது. பத்தாம் காண்டத்தின் ஸ்கம்ப சூக்தத்தில் வேறுவேறு நிறமுடைய இரண்டு இளம்பெண்கள் ஆறு முளைகள் அடித்த பாவில் மாறிமாறி நெய்கிறார்கள், ஒருத்தி இழையை நீட்ட, மற்றவள் வாங்குகிறாள், முடிவே இல்லை. மகாபாரதத்தில் இந்தப் பெண்கள் அப்படியே இருக்க, ஆறு முளைகள்தாம் ஆறு சிறுவர்களாக உயிர்பெற்றுச் சக்கரத்தின் பக்கம் போயின என்று கொள்வதே பொருத்தம்.

குதிரைக்கும் மூலம் உண்டு. அதர்வவேதத்தின் பத்தொன்பதாம் காண்டத்துக் கால சூக்தம் காலத்தையே ஏழு கடிவாளமும் ஆயிரம் கண்ணும் உடைய குதிரையாக ஓடவிடுகிறது. இவை எல்லாவற்றிலும் நெருக்கமானது ரிக்வேதத்தின் ஆறாம் மண்டலத்து ஒன்பதாம் சூக்தம். பரத்வாஜரின் அந்தப் பாடல் கறுத்த நாளையும் வெளுத்த நாளையும் சொல்லித் தொடங்கி, பாவு எது ஊடை எது என்று தனக்குத் தெரியவில்லை என்கிறது. அது தெரிந்தவன் வைசுவானர அக்கினி ஒருவனே என்று முடிவுகட்டுகிறது. நாகலோகத்தில் தறிக்குப் பக்கத்தில் அக்கினி ஏன் நிற்கிறான் என்பதற்கு இதைவிட நல்ல விடை வேண்டாம். பௌஷ்ய பர்வத்தின் உரைநடையும் பிராமண நூல்களின் நடையை ஒத்திருப்பதால், இதை இயற்றியவர்கள் வேதம் ஓதி வளர்ந்தவர்கள் என்று கருதலாம்.

ஆசுவமேதிக பர்வத்தில் உதங்கர் கதை மறுபடி வருகிறது. அங்கே குரு கௌதமர், குருபத்தினி அகலிகை, குண்டலங்கள் அரசி மதயந்தியுடையவை. பொன் மதில் சூழ்ந்த நாகலோகமும் வெள்ளை வாலுடைய கறுப்புக் குதிரையும் உண்டு. தறியும் சக்கரமும் இல்லை. அந்த வடிவம் பிந்தியதாக இருக்கலாம்.

பதிப்புகள்

குண்டலத் திருட்டுக்குப் பழிவாங்க உதங்கர் அஸ்தினாபுரம் சென்று ஜனமேஜய மன்னனைப் பாம்புகளை அழிக்கும் சர்ப்பயாகத்துக்குத் தூண்டுகிறார். பாரதம் சொல்லப்படுவதே அந்த யாகத்தில்தான். இருந்தும், குருகுலச் சருக்கத்தோடு தொடங்கும் வில்லிபாரதத்தில் இந்தக் காட்சிக்கு இடமில்லை. தமிழில் முழுதாகப் படிக்க ம.வீ. இராமாநுஜாசாரியார் பதிப்பித்த கும்பகோணம் பதிப்பு உதவும். ஆங்கிலத்தில் கிசாரி மோகன் கங்குலியின் மொழிபெயர்ப்பு 1883 முதல் 1896 வரை வெளிவந்தது. பூனா பண்டார்கர் நிறுவனத்தின் செம்பதிப்பில், சுக்தங்கர் பதிப்பித்த ஆதிபர்வம் 1933இல் நிறைவுற்றது. காலத்தறி அதிலும் மூல பாடமாகவே இடம்பெற்றுள்ளது.